நிறங்களால் ஒரு மன்றாட்டு



சற்று நேரத்தில் நாம் பார்க்கப்போகும் படத்தில் கதை இல்லை, வசனம் இல்லை, இசையும் இல்லை. அமெரிக்கக் கலைஞர் ஸ்டான் பிராக்கேஜ் 1987இல் முடித்த ‘தி தாந்தே குவார்ட்டெட்’ அது. படச்சுருளின் மேலேயே கையால் சாயம் தீட்டினார் அவர். ஒரு விநாடிக்கு 24 கட்டங்கள் ஓடும் கலை இது. பத்து நிமிடம்கூட ஓடாத படத்துக்கு ஆறு ஆண்டுகள் உழைத்தார்.

இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் காவியத்தைப் போலவே இதுவும் நரகத்தில்தான் தொடங்குகிறது. அந்த நரகப் பகுதியைச் செய்தபோது பிராக்கேஜின் முதல் திருமணம் முறிந்துகொண்டிருந்தது. நரகத்தை வரைய எத்தனையோ ஓவியர்கள் தீயையும் பேயையும் தேடிப் போனார்கள். இவர் கண்ணை மூடிக்கொண்டார். உறக்கம் வராத இரவில் இமைகளை இறுக மூடிப் பாருங்கள். உள்ளே நிறங்கள் நெளியும், வெடிக்கும், கரையும். அந்தப் பார்வையைத் திரைக்குக் கொண்டுவரத்தான் அவர் பல்லாண்டு போராடினார்.

வெறும் சாயத் தெறிப்புதானே என்று சிலர் சொல்வார்கள். நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். ஒரு வடிவம் தெரிந்ததுபோல் இருக்கும், பற்றிக்கொள்வதற்குள் போய்விடும். மறுபடி தேடுவோம், மறுபடி நழுவும். பதில் வராத பிரார்த்தனையில் மனம் படும் பாடு இதுதான். அந்தப் பாட்டை வேறொருவர் முகத்தில் காட்டாமல் நம் கண்களையே பட வைக்கிறார். படத்தின் நான்கு பகுதிகளில், நரகமும் கழுவாயும் கடந்து வரும் கடைசிப் பகுதிக்குச் சொர்க்கம் என்று பெயர் வைக்கவில்லை. கவிஞர் ரில்கேயைத் தழுவி, இருத்தலே பாடல் என்று பெயரிட்டார். எட்டாத வீட்டை எட்டியதாகச் சொல்லிக்கொள்ளாத அந்த நேர்மையை நான் வணங்குகிறேன்.

இப்படிச் சாயம் தீட்டியதற்கு அவர் உடலும் விலை கொடுத்திருக்கலாம். சிறுநீர்ப்பையில் புற்றுநோய் வந்தபோது, தாம் பயன்படுத்திய நிலக்கரித்தார்ச் சாயங்களே காரணம் என்று அவர் நம்பினார். 2003இல், இறப்பதற்குச் சற்று முன்பு, சுருளை எச்சிலால் நனைத்து நகத்தால் கீறி ‘சைனீஸ் சீரிஸ்’ என்ற படத்தைச் செய்துகொண்டிருந்தார்.

நண்பர்களே, படம் ஓடும்போது இது என்ன உருவம் என்று தேட வேண்டாம். முடிந்ததும் உடனே இன்னொரு முறை திரையிடச் சொல்லியிருக்கிறேன். முதல் முறை கண் திணறும். அந்தத் திணறலில் உங்களுக்கு என்ன நேர்ந்தது என்பதைப் பிறகு நீங்கள் பேச வேண்டும். நான் கேட்க வேண்டும்.