கட்டைவிரல் காணாமல் போகும் இடம்

கண்ணை ஏமாற்றும் காட்சிகளைப் பற்றி வானொலியில் பேசுவதில் ஒரு சங்கடம்: படத்தை எங்கே காட்டுவது? அதனால் உங்கள் கைகளையே கேட்கிறேன். வண்டி ஓட்டிக்கொண்டிருப்பவர்கள் மட்டும் வீட்டுக்குப் போய்ச் செய்துகொள்ளுங்கள்.

இரு கைகளையும் முன்னால் நீட்டி, கட்டைவிரல்களை நிமிர்த்தி ஒட்டினாற்போல் வையுங்கள். இடக்கண்ணை மூடிக்கொள்ளுங்கள். வலக்கண் இடது கட்டைவிரலின் நுனியையே பார்க்கட்டும், அசையக் கூடாது. இப்போது வலக்கையை மட்டும் மெல்ல வலப்பக்கம் நகர்த்துங்கள். ஏறக்குறைய முக்கால் சாண் போனதும் வலது கட்டைவிரலின் நுனி மறைந்துவிடும். இன்னும் நகர்த்தினால் திரும்ப வரும். மறையவில்லையா? பார்வை விரலோடு சேர்ந்து ஓடியிருக்கும். இன்னொரு முறை பாருங்கள்.

விரல் மறையும் இந்தக் குருட்டுப் புள்ளியைக் கண்டுபிடித்தவர் எட்மே மாரியட் என்ற பிரெஞ்சு அறிவியலாளர், 1660களில். சுமார் 10 லட்சம் நரம்பிழைகள் ஒன்றாகத் திரண்டு விழித்திரையைத் துளைத்து மூளைக்குக் கிளம்பும் இடம் அது. ஒளியை உணரும் செல் அங்கே ஒன்றுகூட இல்லை. பத்து முழுநிலாக்களை வரிசையாக நிறுத்தினால் மறைந்துபோகும், அத்தனை அகலம். ஆக்டோபஸுக்கு இந்தத் தொல்லை கிடையாது. அதன் நரம்பிழைகள் விழித்திரையின் பின்பக்கமாகவே போய்விடுகின்றன.

இவ்வளவு பெரிய ஓட்டை ஏன் நம் கண்ணில் படுவதில்லை? ஒரு கண்ணின் குறையை மறு கண் ஈடுகட்டுகிறது என்பது பாதி பதில்தான். சற்றுமுன் ஒரு கண்ணை மூடியிருந்தீர்களே, விரல் மறைந்த இடத்தில் கறுப்பா தெரிந்தது? பின்னாலிருக்கும் சுவரோ திரைச்சீலையோ அல்லவா தொடர்ந்தது! அந்தத் துண்டை உங்கள் கண் பார்க்கவே இல்லை. சுற்றிலும் இருப்பதை வைத்து மூளை இட்டு நிரப்பியது. சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த நரம்பியல் அறிஞர் வி.எஸ். ராமச்சந்திரன் இந்த நிரப்புதலை விரிவாக ஆராய்ந்தவர். ஒரு கோடு குருட்டுப் புள்ளியின் குறுக்கே போனால், அது அறுபடாத கோடாகவே தெரியும்.

இந்தச் சாமர்த்தியத்தில் ஆபத்தும் உண்டு. கிளாக்கோமா என்னும் கண் நோயில் பார்வை பெரும்பாலும் ஓரங்களிலிருந்து மெல்லப் போகும். போன இடத்தையும் மூளை நிரப்பிவிடுவதால், நோயாளிக்கு வெகுநாள் ஒன்றும் தெரியாது. இழந்த பார்வையை மீட்க இன்றைக்கு வழியில்லை. நாற்பதைத் தாண்டியவர்களும், குடும்பத்தில் யாருக்காவது இந்நோய் உள்ளவர்களும், கண்ணாடி மாற்றப் போகும்போது கண் அழுத்தத்தையும் பார்வை நரம்பையும் சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள்.