ஆற்றங்கரைச் சைதாப்பேட்டை

போன வாரம் தாண்டிக்குடியில் ஒரு பெரியவர், "ஓடையை ஒட்டி நாலு சென்ட் சும்மா கிடக்கு, வாழை வைக்கலாமா சார்?" என்று கேட்டார். அவருக்குச் சைதாப்பேட்டைக் கதையைச் சொன்னேன்.

சென்னைக்குத் தெற்கே அடையாற்றங்கரையில் இருந்த ஊர் அது. நெசவும் உண்டு. 1726-ல் பெட்ரஸ் உஸ்கான் என்ற ஆர்மீனிய வியாபாரி தம் சொந்தப் பணத்தில் அங்கே பாலம் கட்டினார்; போக்குவரத்து பெருகியது. நம்ம வேளாண்மைப் படிப்புக்கும் அதுதான் பிறந்த வீடு. 1868-ல் அங்கே தொடங்கிய விவசாயப் பள்ளிதான் 1906-ல் கோயமுத்தூருக்குப் போய், 1971-ல் பல்கலைக்கழகம் ஆயிற்று.

பிறகு பட்டணம் வந்து ஊரோடு ஒட்டிக்கொண்டது. வெள்ளம் பரவுகிற இடத்திலெல்லாம் வீடும் குடிசையும். பல வருஷம் ஒன்றும் ஆகவில்லை, அந்தத் தைரியம்தான்! 2015 டிசம்பர் 1 அன்று, கொட்டுகிற மழையில், செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி திறக்கப்பட்டது. பழைய பாலத்துக்குப் பதிலாகக் கட்டிய மறைமலையடிகள் பாலத்தின் மேலேயே அடையாறு ஓடியது. என் அத்தை வீட்டுச் சுவரில் தோளுயரத்துக்குச் சேற்றுக் கோடு. அத்தை ரேஷன் கார்டைத் தேடிக்கொண்டிருந்தார்.

நம்ம ஓடைத் தண்ணீர் கீழே மருதாநதி அணைக்குப் போகிறது. கரையைக் கொத்திவிட்டால் மழையில் மண்ணும் கூடவே போகும். கரையோர மரத்தை வெட்டாதீர்கள். வெற்றிடத்தில் வெட்டிவேர் வையுங்கள்.

"கன்று வாங்கிட்டேனே சார்" என்றார் பெரியவர். மேட்டில் குழி எடுக்கச் சொல்லியிருக்கிறேன். வியாழக்கிழமை போய்ப் பார்க்க வேண்டும்.