பார்ன்: ஒரு குழூஉக்குறியின் வரலாறு



இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் அணுக்கரு இயற்பியற் சொல் ஒன்று பேசுபொருளாவது சிலருக்கு வியப்பாகத் தோன்றலாம். ஆயினும் சொல் எங்கே பிறந்தாலும் சொல்லே. சொல்லுக்குப் பொருள் அமைந்த காரணம் பார்த்த மாத்திரத்தில் விளங்கிவிடாது என்பது தொல்காப்பியர் கருத்து. அக்கருத்துக்கு இருபதாம் நூற்றாண்டு தந்த நல்ல சான்றுகளுள் ஒன்று 'பார்ன்' என்னும் சொல்.

ஆங்கிலத்தில் இச்சொல், உழவர்கள் தானியத்தையும் வைக்கோலையும் சேமித்து, கால்நடைகளையும் கட்டி வைக்கும் பெரிய கட்டடத்தைக் குறிக்கும். அணுக்கரு இயற்பியலிலோ அது ஒரு பரப்பளவின் பெயர். ஒரு சதுர செண்டிமீட்டரை ஒரு கோடியால் மும்முறை வகுத்து, வந்ததை ஆயிரத்தால் இன்னொரு முறை வகுத்தால் கிடைக்கும் பரப்பே ஒரு பார்ன். கண்ணுக்கு மட்டுமன்றிக் கற்பனைக்கும் எட்டாத இச்சிறு பரப்புக்கு, வயலோரம் நெடிதுயர்ந்து நிற்கும் கட்டடத்தின் பெயர் வந்தது எவ்வாறு?

அமெரிக்காவின் இந்தியானா மாநிலத்தில் உள்ள பர்டியூ பல்கலைக்கழகத்தில், 1942 டிசம்பரில் இச்சொல் பிறந்தது. அணுகுண்டுத் திட்டத்தின் ஒரு பகுதியாக அங்கே அணுக்கரு வினைகளை அளந்து கொண்டிருந்தவர்களுள் மார்ஷல் ஹாலோவே, சார்லஸ் பேக்கர் ஆகிய இருவரும் பல்கலைக்கழக உணவகத்தில் இரவுணவு கொண்டிருந்தனர். பேச்சு, தாங்கள் நாள்தோறும் அளக்கும் பரப்பைப் பற்றித் திரும்பியது. அதற்கு ஓர் அலகுப் பெயர் இல்லையே என்ற குறை எழுந்தது. அறிஞர் ஒருவர் பெயரை அலகுக்கு இடுவது அறிவியல் மரபு. முதலில் ஓப்பன்ஹைமர் பெயர் எண்ணப்பட்டது. அது நீளம் எனக் கைவிடப்பட்டது. பேத்தே என்பாரின் பெயர் எண்ணப்பட்டது. அது 'பீட்டா' என்னும் கிரேக்க எழுத்தோடு மயங்கும் என விலக்கப்பட்டது. பர்டியூ ஆய்வை நெறிப்படுத்திய ஜான் மேன்லியின் பெயர் அடுத்து வந்தது. 'மேன்லி' நீளமாகத் தோன்றியது. 'ஜான்' குறுகியதே, ஆயினும் அமெரிக்கப் பேச்சு வழக்கில் அது கழிப்பறையையும் குறிக்கும். ஆகவே அதுவும் தள்ளப்பட்டது. இருவருள் ஒருவர் நாட்டுப்புறத்தில் வளர்ந்தவர். அவ்வளர்ப்பின் நினைவில் 'ஜான்' என்பதிலிருந்து 'பார்ன்' என்பதற்குப் பேச்சு தாவியது. அணுக்கரு வினைகளைப் பொறுத்தவரை அப்பரப்பு உண்மையிலேயே ஒரு பார்ன் அளவு பெரியது என்ற நகைச்சுவையும் சேர்ந்துகொள்ள, பெயர் நிலைத்துவிட்டது. இவ்வரலாற்றை அவ்விருவரும் 1944-இல் ஒரு சிறு குறிப்பாக எழுதி வைத்தனர். அக்குறிப்பும் அக்காலத்தில் மறைபொருள் ஆவணமாகவே இருந்து, போருக்குப் பின்னரே வெளிவந்தது.

தமிழ் இலக்கணம் கற்றவர்க்கு இந்நிகழ்ச்சி புதியதன்று. நன்னூலார் தகுதி வழக்கை இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி என மூன்றாக வகுத்தார். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதும், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்பதும் குழூஉக்குறிக்கு உரையாசிரியர்கள் காட்டும் எடுத்துக்காட்டுகள். ஒரு தொழிற்குழுவினர், பிறர் அறியாவண்ணம் தமக்குள் வழங்கும் சொல் அது. போர்க்காலக் கமுக்கத்தினிடையே ஆய்வாளர் குழு தமக்குள் வழங்கிய 'பார்ன்' இலக்கணம் பிழையாத குழூஉக்குறி. 'ஜான்' என்பதோ சொல்லத்தகாததை மறைத்துச் சொல்ல வந்து, பின்னர்த் தானே சொல்லத்தகாததாகிவிட்ட இடக்கரடக்கல். ஒரே உணவு மேசையில் இரு வழக்குகள் அருகருகே அமர்ந்திருந்தன.

இனிச் சொல்லின் பொருளைச் சற்று நெருங்கிக் காண்போம். பனந்தோப்பு ஒன்றில் ஒருவன் கண்ணைக் கட்டிக்கொண்டு கல்லெறிகிறான் என்று கொள்வோம். எத்தனை கல் மரத்தில் பட்டன, எத்தனை கல் இடைவெளியில் சென்றன என்று எண்ணினால், மரத்தைத் தொட்டுப் பாராமலே அதன் பருமனைக் கணித்துவிடலாம். அணுக்கருவை அளப்பதும் இவ்வாறே. நியூட்ரான்களை ஒரு மெல்லிய தகட்டின் மீது செலுத்தி, எத்தனை நியூட்ரான்கள் வினைப்பட்டன என்று எண்ணுகின்றனர். அவ்வெண்ணிக்கையிலிருந்து, ஒவ்வோர் அணுக்கருவும் எவ்வளவு பரப்புடைய இலக்காக நின்றது என்பது கிடைக்கும். அப்பரப்பையே பார்ன் கணக்கில் சொல்வர்.

ஆனால் அணுக்கருத் தோப்பின் மரங்கள் விந்தையானவை. யுரேனிய அணுக்கருவின் வடிவப் பரப்பு ஏறத்தாழ 1.7 பார்ன் மட்டுமே. ஆயினும் யுரேனியம்-235 அணுக்கரு, மெதுவாக வரும் நியூட்ரானால் பிளவுபடும் வினைக்கு 585 பார்ன் அளவுடைய இலக்காக நிற்கிறது. விரைந்து வரும் நியூட்ரானுக்கோ அது ஏறத்தாழ ஒரு பார்ன் ஆகச் சுருங்கிவிடுகிறது. மரம் அதுவே, எறியும் கல்லின் விரைவுக்கேற்ப அதன் பருமன் கூடிக் குறைகிறது. ஆகவே இங்குப் பரப்பு என்பது பொருளின் உருவ அளவைக் குறிக்கவில்லை. ஒரு வினை நிகழ்வதற்கு உள்ள வாய்ப்பே பரப்பின் வடிவில் சொல்லப்படுகிறது.

இந்த வாய்ப்பைச் சரியாக அறியாமல் போனால் என்ன நேரும் என்பதை 1944 செப்டம்பர் இறுதியில் ஹான்ஃபோர்டு காட்டியது. வாஷிங்டன் மாநிலத்தில், கொலம்பியா ஆற்றங்கரையில், புளுட்டோனியம் ஆக்குவதற்காக எழுப்பப்பட்ட முதல் பேருலை இயங்கத் தொடங்கியது. சில மணி நேரத்திலேயே அதன் ஆற்றல் படிப்படியாகத் தாழ்ந்து, உலை தானே அவிந்து போனது. பின்னர் மெல்ல உயிர்த்தது, மீண்டும் அவிந்தது. இக்கால இடைவெளிகளைக் கணக்கிட்டுக் காரணத்தை உணர்ந்தவர் ஜான் வீலர். பிளவில் தோன்றும் அயோடின்-135 சிதைந்து செனான்-135 ஆகிறது. செனான் தன்பால் வரும் மெதுவான நியூட்ரான்களை விழுங்கிவிடுகிறது. அதன் விழுங்கும் பரப்பு ஏறத்தாழ 26 இலட்சம் பார்ன். கருவின் உருவ அளவோ ஒரு பார்னுக்குச் சற்று மேல். இருபது இலட்சம் மடங்கு விரிந்த வாய் அது. உலையைக் கட்டிய பொறியாளர்கள் முதல் திட்டத்தில் இருந்த 1,500 எரிபொருட் குழாய்களோடு நில்லாமல் 2,004 குழாய்களுக்கு இடம் விட்டிருந்தனர். எஞ்சிய குழாய்களையும் நிரப்பிய பின்னரே உலை நிலைத்து எரிந்தது. இதே செனான், 1986 ஏப்ரலில் செர்னோபில் உலையில் ஆற்றலைத் தாழ்த்தியது. அதனை ஈடுசெய்யக் கட்டுப்பாட்டுத் தண்டுகளை அளவுக்கு மீறி வெளியிழுத்தது அப்பெரும் விபத்துக்கு வழிகோலிய காரணங்களுள் ஒன்று.

தமிழகத்துக்கும் இவ்வளவையில் ஒரு பங்கு உண்டு. கல்பாக்கத்தில் 1984-இலும் 1986-இலும் வணிக முறையில் மின்னாக்கம் தொடங்கிய இரண்டு உலைகளும் இயற்கை யுரேனியத்தை எரிபொருளாகக் கொண்டு, கனநீரைத் தணிப்பானாகக் கொண்டு வடிவமைக்கப்பட்டவை. நியூட்ரானின் விரைவைத் தணிக்கச் சாதாரண நீரும் வல்லதே. பின் ஏன் அரிய கனநீர்? சாதாரண ஹைட்ரஜன் அணுக்கருவின் விழுங்கும் பரப்பு ஏறத்தாழ 0.33 பார்ன். கனநீரில் உள்ள டியூட்டீரியத்தின் பரப்போ ஏறத்தாழ 0.0005 பார்ன். அறுநூறு மடங்குக்கு மேற்பட்ட இவ்வேறுபாடே செறிவூட்டாத யுரேனியத்தைக் கொண்டு தொடர்வினை நிகழ்த்த இடந்தருகிறது.

பார்ன் பிறந்த அதே சூழலில் வேறு பல மறைசொற்களும் பிறந்தன. புளுட்டோனியத்தை '49' என்றனர். அதன் அணு எண் 94, நிறை எண் 239 ஆகியவற்றின் இறுதி இலக்கங்களைச் சேர்த்து அமைத்த பெயர் அது. சிக்காகோ ஆய்வகத்தில் சிறிது காலம் அதனைச் 'செம்பு' என்றும் வழங்கினர். மெய்யான செம்பும் ஆய்வுக்குத் தேவைப்பட்டபோது குழப்பம் எழுந்தது. ஆகவே மெய்யான செம்பை 'ஆண்டவன் அறிய உண்மையான செம்பு' என்னும் கருத்துப்பட அழைக்க நேர்ந்தது. அணுகுண்டை வெறும் 'கருவி' என்னும் பொருள்படும் சொல்லால் குறித்தனர். ஆட்டுக்குட்டி வாலை ஆட்டும் விரைவைச் சுட்டும் நாட்டுப்புற வழக்கிலிருந்து 'ஷேக்' என்னும் கால அலகு வந்தது. அது ஒரு நொடியின் பத்துக்கோடியில் ஒரு பங்கு. குண்டு வெடிக்கையில் ஒரு தலைமுறை நியூட்ரான்கள் அடுத்த தலைமுறையைத் தோற்றுவிக்க ஏறத்தாழ அத்துணைப் பொழுதே ஆகும்.

இவற்றுள் '49' மறைந்தது. செம்பு மீண்டும் செம்பே ஆனது. 'கருவி' வரலாற்று நூல்களில் மட்டும் எஞ்சியது. 'பார்ன்' மட்டும் உலகெங்கும் பொதுச்சொல்லாகி நின்றது. இதற்குக் காரணம் என்ன? முன்னவை, பெயர் உடைய பொருளுக்கு இட்ட முகமூடிகள். மறைக்க வேண்டிய தேவை தீர்ந்ததும் முகமூடி கழன்றது. பார்னோ பெயரே இல்லாதிருந்த ஒன்றுக்குப் பெயராக வந்தது. அதனைக் கழற்றினால் அடியில் வேறு பெயர் இல்லை. மறைப்பதற்கு உதவும் என்று கருதப்பட்ட சொல், அளப்பதற்கு உதவியமையால் வாழ்ந்தது. அனைத்துலக அலகு முறையில் அதற்கு இடமில்லாதிருந்தும் இயற்பியலார் அதனைக் கைவிடவில்லை. 2012 ஜூலை 4 அன்று ஹிக்ஸ் துகளின் கண்டுபிடிப்பு ஜெனீவாவில் அறிவிக்கப்பட்டபோது, திரட்டப்பட்ட தரவின் அளவு 'தலைகீழ் ஃபெம்டோபார்ன்' என்னும் அலகிலேயே சொல்லப்பட்டது. ஒரு குழுவுக்கு ஏறத்தாழ பத்து அலகுத் தரவு; ஓர் அலகுக்கு ஏறத்தாழ இருபதினாயிரம் ஹிக்ஸ் துகள்கள் தோன்றியிருக்கும். நாட்டுப்புறக் களஞ்சியத்தின் பெயர் பேரண்டத்தின் அடிப்படையைத் துருவும் ஆய்வு வரை சென்றுவிட்டது.

தகுதி வழக்கில் மூன்றாவதாக நிற்கும் மங்கலத்தையும் இங்கு எண்ணாமல் இருக்க இயலாது. செத்தாரைத் துஞ்சினார் என்பது மங்கலம். இழந்தவரின் துயரை மதிக்கும் வழக்கு அது. 1945 ஆகஸ்டு 6 அன்று ஹிரோஷிமாவின் மீது வீசப்பட்ட குண்டுக்குச் 'சிறு பையன்' என்பது பெயர். அவ்வாண்டின் இறுதிக்குள் அந்நகரில் இறந்தோர் ஏறத்தாழ 1,40,000 பேர் என மதிப்பிடப்பட்டுள்ளது. இப்பெயர் துயரை மதித்துப் பிறந்ததன்று; கொலைத்தன்மையைக் கேட்பவர் செவியிலிருந்து அகற்றுவது. மங்கலத்தின் உருவில் வந்த அமங்கலம் என்றே அதனைச் சொல்ல வேண்டும். பார்னும் அதே குழுவினரிடையே பிறந்ததுதான். ஆயின் அது ஒரு பரப்பை அளந்து சொல்கிறதேயன்றி, எதன் தன்மையையும் மென்மையாக்கிச் சொல்வதில்லை. மின் உலைக்கும் மருத்துவத்துக்கும் குண்டுக்கும் அதன் பொருள் ஒன்றே. ஒரு கலைச்சொல்லின் நேர்மை இதில்தான் உள்ளது.

தமிழில் இதனை எவ்வாறு வழங்குவது என்னும் வினா எஞ்சுகிறது. 'களஞ்சியம்' என மொழிபெயர்க்கலாம் எனத் தோன்றும். ஆனால் தமிழ் உழவர் நெல்லைக் குதிரிலும் பத்தாயத்திலும் களஞ்சியத்திலும் சேர்த்தனர். மாட்டைத் தொழுவத்தில் கட்டினர். வைக்கோலை வெளியில் போராக வேய்ந்தனர். மூன்றையும் ஒரே கூரையின்கீழ் வைக்கும் குளிர்நாட்டுக் கட்டடத்துக்குத் தமிழில் ஒரே சொல் இல்லாதது இயல்பே. மேலும் அலகின் பெயரில் வேண்டுவது பொருட்பொருத்தமன்று. எங்கும் மாறாத அளவே. 'வாட்டு', 'வோல்ட்டு' போலப் பார்னையும் திசைச்சொல்லாக ஏற்பதே முறை. ரகர மெய்யும் னகர மெய்யும் இறுதியில் அடுத்து நிற்பது தமிழ்ச் செவிக்கு இடறலாயினும், 'பார்னுக்கு', 'பார்னில்' என வேற்றுமை ஏற்கும்போது அவ்விடறல் தீர்ந்துவிடுகிறது.

மொழிபெயர்க்க வேண்டியது அலகை அன்று, கருத்தை. 'குறுக்குவெட்டுப் பரப்பு' என்னும் சொல்லைக் கேட்கும் மாணவன் வெட்டிய கத்தரிக்காயின் முகத்தை நினைப்பான். அணுக்கருவை ஒருவரும் வெட்டுவதில்லை. 'இலக்குப் பரப்பு' எனின், எறிபொருளும் இலக்கும் வாய்ப்பும் ஒருங்கே மனத்தில் தோன்றும். செனானின் 26 இலட்சம் பார்ன் என்பது உருவத்தின் அளவன்று, விழுங்கும் வாய்ப்பின் அளவு என்பதும் விளக்கமின்றியே புலப்படும். உணவு மேசையில் பெயர் தேடிய அவ்விருவரும் நீளமானதைத் தள்ளினர், மயங்குவதைத் தள்ளினர், வேறு பொருள் தருவதைத் தள்ளினர். கலைச்சொல் ஆக்குவோர்க்கு அம்மூன்று விலக்குகளும் இன்றும் பொருந்தும். அவற்றைக் கடந்து எஞ்சும் சொல் எளியதாக, நாட்டுப்புறத்ததாக இருப்பின், அது இழிவன்று. அளவு பிழையாது நிற்குமாயின் அது நல்ல கலைச்சொல்லே.