56 சுருள்களும் ஒரு தூதரகமும்

 

இன்று பட்டம் வாங்குகிறவர்களில் பாதிப் பேர் சமூகப்பணித் துறை, மீதிப் பேர் காட்சித் தொடர்பியல் துறை என்றார்கள். மனிதர்களுக்கு உதவப் படித்தவர்கள் ஒரு பக்கம், மனிதர்களைப் படம் பிடிக்கப் படித்தவர்கள் இன்னொரு பக்கம். இரு தரப்புக்கும் பொதுவாகப் பேச ஓர் ஆள் வேண்டுமே என்று யோசித்தபோது அகப்பட்டவர் ஹாலிவுட்டின் குழந்தை நட்சத்திரம் ஷிர்லி டெம்பிள். உங்கள் கொள்ளுப்பாட்டிகளுக்கு அவரைத் தெரிந்திருக்கும். 1937-ல் 'பாலயோகினி' வந்தபோது அதில் நடித்த பேபி சரோஜாவை 'இந்தியாவின் ஷிர்லி டெம்பிள்' என்று கொண்டாடினார்கள். பிறந்த பெண் குழந்தைகளுக்கெல்லாம் ஊரூராகச் சரோஜா என்று பெயர் வைத்த காலம் அது. உங்கள் வீட்டிலும் ஒரு சரோஜா பாட்டி இருந்தால் விசாரித்துப் பாருங்கள்.

அசல் ஷிர்லி 1928-ல் கலிபோர்னியாவின் சான்டா மோனிகாவில் பிறந்தவர். மூன்று வயதில் கேமரா முன் நின்றவர். ஆறு வயதில் அவருக்கென்றே ஒரு சிறப்பு ஆஸ்கர் செய்து கொடுத்தார்கள். 1935 முதல் 1938 வரை நான்கு ஆண்டுகள் அமெரிக்காவில் வசூலில் முதலிடம் அவருக்குத்தான். கிளார்க் கேபிள் போன்ற பெரிய நடிகர்கள் எல்லாம் அவருக்குப் பின்னால். பொம்மைக் கம்பெனி அவர் முகத்தில் பொம்மை செய்து விற்றது. அவர் தலையில் சரியாக 56 சுருள்கள் இருக்க வேண்டும்; ஒவ்வொரு நாளும் அம்மா எண்ணி எண்ணிச் சுருட்டிவிடுவார்.

முதல் குறும்படங்களில் நடித்த காலத்தை அவரே தன் வாழ்க்கை வரலாற்றில் எழுதியிருக்கிறார். செட்டில் குறும்பு செய்யும் குழந்தைகளை ஜன்னல் இல்லாத ஒரு கறுப்புப் பெட்டி அறையில் அடைப்பார்களாம். உள்ளே உட்கார ஒரு பனிக்கட்டிப் பாளம் மட்டும். நிற்கலாம், அல்லது பனிக்கட்டியில் உட்காரலாம். வெளியே வந்த குழந்தை சிரித்துக்கொண்டே அடுத்த ஷாட்டுக்குப் போக வேண்டும். திரையில் நாம் பார்க்கும் குழந்தைச் சிரிப்புகளுக்கு என்ன விலை என்று காட்சித் தொடர்பியல் மாணவர்கள் ஒரு தடவையாவது கேட்டுப் பார்க்க வேண்டும்.

ஸ்டுடியோ அவர் வயதிலும் ஓர் ஆண்டைக் குறைத்தது. பிறப்புச் சான்றிதழே திருத்தப்பட்டது. பன்னிரண்டாவது பிறந்தநாள் என்று நினைத்துக் கொண்டாடிய அன்றுதான் தனக்குப் பதின்மூன்று என்று அந்தப் பெண்ணுக்குத் தெரிந்தது. பணக் கதை இன்னும் மோசம். சிறுவயதில் சம்பாதித்தது சுமார் 32 லட்சம் டாலர். பெரியவளாகிக் கணக்குப் பார்த்தபோது அவர் பெயரில் மிஞ்சியிருந்தது சுமார் 44,000 டாலர்.

பணம் என்றதும் ஜாக்கி கூகன் நினைவு வருகிறது. சாப்ளினின் 'தி கிட்' படத்தில் கிழிந்த கால்சட்டையோடு வரும் பையன். 1924-ல், ஒன்பது வயதில், நியர் ஈஸ்ட் ரிலீஃப் என்ற நிவாரண அமைப்புக்காக அமெரிக்காவைச் சுற்றினான். துருக்கியின் ஸ்மிர்னா நகரம் எரிந்து, லட்சக்கணக்கான கிரேக்கர்களும் ஆர்மீனியர்களும் வீடிழந்து கிரீஸில் குவிந்திருந்த நேரம். அந்தப் பையன் முகத்துக்காக மக்கள் அள்ளிக் கொடுத்தார்கள். பத்து லட்சம் டாலருக்கு மேல் மதிப்புள்ள உணவும் உடையும் சேர்ந்தன. அவனே கப்பலேறி ஏதென்ஸ் வரை போய்வந்தான். ஊரார் பிள்ளைகளுக்குக் கப்பல் நிறையச் சேர்த்துக் கொடுத்தவன், இருபத்தோரு வயதில் தன் சம்பாத்தியத்தைக் கேட்டபோது தாயும் மாற்றாந்தந்தையும் இல்லையென்று கைவிரித்தார்கள். 1938-ல் வழக்குப் போட்டான். கிடைத்தது சொற்பம். ஆனால் அந்த வழக்கால்தான் குழந்தை நடிகர்களின் வருமானத்தில் ஒரு பங்கை ஒதுக்கிவைக்க வேண்டும் என்ற சட்டம் 1939-ல் கலிபோர்னியாவில் வந்தது. இன்றும் அதற்கு அவன் பெயர்தான்.

ஷிர்லிக்கு வருகிறேன். 22 வயதில் சினிமாவை விட்டார். கல்யாணம், குழந்தைகள், கொஞ்சம் தொலைக்காட்சி. 1967-ல் அமெரிக்க நாடாளுமன்றத்துக்குப் போட்டியிடப் பார்த்தார். சொந்தக் கட்சிக்காரரிடமே தோற்றார். ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். அந்தத் தேர்தலில் அவர் வியட்நாம் போரை இன்னும் வலுவாக நடத்தச் சொன்னவர். அந்தப் போர் எத்தனை லட்சம் பேரைப் படகேற்றியது என்று உங்களுக்குத் தெரியும். ஆகவே அவரைத் தேவதையாக்கி இங்கே நிறுத்த எனக்கு உத்தேசமில்லை. அவர் வாழ்க்கையில் எனக்குப் பிடித்தது வேறு.

1968 ஆகஸ்டில் அவர் செக்கோஸ்லோவாக்கியாவின் தலைநகர் பிராகாவில் இருந்தார். அவருடைய அண்ணனுக்கு நரம்பு மண்டலத்தைத் தாக்கும் மல்டிபிள் ஸ்கிளிரோசிஸ் என்ற நோய். அந்த நோயாளிகளுக்கான சர்வதேசச் சங்கத்தில் செக்கோஸ்லோவாக்கியாவையும் சேர்க்கப் போயிருந்தார். 20-ஆம் தேதி இரவு சோவியத் டாங்கிகள் நுழைந்தன. விடுதியிலிருந்து பார்த்தபோது, டாங்கியை நோக்கிக் கையை ஓங்கிய ஒரு பெண் சுட்டு வீழ்த்தப்பட்டதை நேரில் கண்டதாகப் பின்னாளில் சொன்னார். மற்ற வெளிநாட்டவரோடு அவரும் வண்டியேறி எல்லை தாண்டினார். அவர் கையில் அமெரிக்க பாஸ்போர்ட் இருந்தது. பின்னாலேயே பாஸ்போர்ட்டின் பலம் இல்லாத பல்லாயிரம் செக் மக்களும் எல்லை தாண்டினார்கள்.

அடுத்த ஆண்டு நிக்சன் அவரை ஐ.நா. பொதுச்சபைக்கு அமெரிக்கப் பிரதிநிதிகளில் ஒருவராக அனுப்பினார். லாலிபாப் பாட்டுப் பாடிய குழந்தைக்கு ஐ.நா.வில் என்ன வேலை என்று நக்கல் கிளம்பியது. அவர் அங்கே அகதிகள் பிரச்சினை, முதியோர் நலன், சுற்றுச்சூழல் பற்றிப் பேசினார். கோப்புகளைப் படித்துவிட்டு வருகிறார் என்பதைச் சபையில் இருந்தவர்கள் மெதுவாகக் கண்டுகொண்டார்கள். 1974-ல் கானாவுக்குத் தூதர். அப்போதும் அதே நக்கல். பிறகு புதிதாக நியமிக்கப்படும் தூதர்களுக்கே வகுப்பெடுத்தார்.

1989 ஆகஸ்டில் மீண்டும் பிராகா, இந்த முறை தூதராக. அவர் போய்ச் சேர்ந்த சில வாரங்களில், பிராகாவின் மலா ஸ்ட்ரானா பகுதியில் அவருடைய தூதரகத்திலிருந்து நடந்து போகும் தூரத்தில் இருக்கும் மேற்கு ஜெர்மன் தூதரகத்தின் தோட்டத்தில் கிழக்கு ஜெர்மானியர்கள் வேலியேறிக் குதிக்க ஆரம்பித்தார்கள். கைக்குழந்தைகளை வேலிக்கு மேலாகக் கைமாற்றினார்கள். செப்டம்பர் கடைசியில் சுமார் 4,000 பேர். மழையில் தோட்டம் சேறாகிவிட்டது. கூடாரங்கள் போதவில்லை, மாளிகைப் படிக்கட்டுகளில் முறைவைத்துத் தூங்கினார்கள். 30-ஆம் தேதி மாலை மேற்கு ஜெர்மன் வெளியுறவு அமைச்சர் கென்ஷர் உப்பரிகையில் நின்று, நீங்கள் மேற்கே போகலாம் என்று சொல்லத் தொடங்கினார்; வாக்கியம் முடிவதற்குள் கூச்சல் அதை விழுங்கிவிட்டது. அவர்கள் விட்டுப்போன டிராபன்ட் கார்கள் பிராகா தெருக்களில் அநாதையாக நின்றன. இரண்டு மாதத்தில் செக்கோஸ்லோவாக்கிய ஆட்சியே மாறிற்று. டாங்கி வந்த நாளையும் டாங்கி இல்லாமல் ஆட்சி போன நாளையும் ஒரே ஊரில் பார்க்கும் வாய்ப்பு எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

அப்போதும் அவரைப் பார்க்க வந்தவர்கள் சுருள்முடியைத்தான் தேடினார்கள். அறுபது வயதுப் பெண்மணியிடம் ஆறு வயதைக் கேட்டார்கள். அவர் அதை மறைக்கவுமில்லை, அதிலேயே உட்கார்ந்துவிடவுமில்லை. பழைய முகம் கதவைத் திறக்கட்டும், உள்ளே போய் நான் என் வேலையைப் பார்க்கிறேன் என்பது அவர் கணக்கு.

ஷிர்லிக்கு அந்த வசதி இருந்தது. அகதிக்கு அது கிடையாது. அகதியையும் நாம் ஒரே காட்சியில் நிறுத்திவைக்கிறோம். 1984-ல் பெஷாவர் அருகே நாசிர் பாக் முகாமில் ஸ்டீவ் மெக்கரி எடுத்த ஆப்கன் சிறுமியின் படம் உங்கள் பாடப்புத்தகத்தில் இருக்கும். பச்சைக் கண்கள், கிழிந்த சிவப்பு முக்காடு. உலகம் முழுவதும் அச்சான படம். 17 ஆண்டுகள் அவள் பெயர் என்ன என்று ஒருவருக்கும் தெரியாது. 2002-ல் தேடிக் கண்டுபிடித்தபோதுதான் ஷர்பத் குலா என்று தெரிந்தது. 2016-ல் போலி அடையாள அட்டை வைத்திருந்ததாக அதே பெஷாவரில் கைதானார், நாடு கடத்தப்பட்டார். 2021-ல் இத்தாலி அடைக்கலம் கொடுத்தது. உலகத்திலேயே மிகவும் அடையாளம் தெரிந்த அகதி, உண்மையான அடையாள அட்டை இல்லாமல் சிறைக்குப் போனார். இதற்குமேல் நான் என்ன விளக்கம் சொல்ல?

வேறு மாதிரியும் நடக்கும். 'கப்பர்நாம்' படத்தில் நடித்த ஜெயின் அல் ரஃபியா, சிரியாவிலிருந்து லெபனானுக்கு ஓடிவந்த குடும்பத்துப் பையன். பெய்ரூத் தெருவில் வளர்ந்தவன், பள்ளிக்கூடம் போகாதவன். 2018-ல் படம் கான் விழாவில் பரிசு வாங்கியது. அதே ஆண்டு அகதிகளுக்கான ஐ.நா. அமைப்பின் உதவியோடு குடும்பம் நார்வேயின் வடகோடியில் ஹாமர்ஃபெஸ்ட் என்ற ஊருக்குக் குடிபெயர்ந்தது. பையன் பள்ளிக்கூடம் போனான். படத்தைவிட எனக்கு அந்தச் செய்திதான் பெரிது. அதே படப்பிடிப்பைத் தெருவோரம் நின்று வேடிக்கை பார்த்த மற்றப் பையன்களுக்கு யார் ஹாமர்ஃபெஸ்ட் காட்டுவார்கள் என்பதும் கூடவே உறுத்துகிறது.

அந்த உறுத்தலுக்குத்தான் ஆராய்ச்சி தேவைப்படுகிறது. கேமரா ஒரு முகத்தைப் பிடிக்கும். மிச்சப் பேரைக் கணக்கெடுக்க வேறு ஆள் வேண்டும். பார்பரா ஹாரெல்-பாண்ட் என்ற மானிடவியலாளர் தெற்கு சூடானில் உகாண்டா அகதிகளிடையே களப்பணி செய்தார். நிவாரண முகாமுக்குள் இருந்தவர்களை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பவில்லை. முகாமுக்கு வெளியே தாங்களாகவே குடிசை போட்டு, பயிர் செய்து, உள்ளூர்க்காரர்களோடு கலந்து வாழ்ந்தவர்களையும் தேடிப்போனார். அகதி என்றால் கையேந்தி நிற்பவர் என்று நிவாரணக்காரர்கள் முன்கூட்டியே முடிவுகட்டிவிடுகிறார்கள், அந்த முடிவுக்கு ஏற்ப அகதிகளை நடிக்கவும் வைக்கிறார்கள் என்று 1986-ல் புத்தகம் எழுதினார். நிவாரண அமைப்புகளுக்கு அது கசந்தது. ஆக்ஸ்ஃபோர்டில் 1982-ல் அவர் தொடங்கிய அகதிகள் ஆய்வு மையம் இன்றும் இருக்கிறது. அங்கே போய்ப் படிக்க ஆசைப்படுகிறவர் உங்களில் ஒருவராவது இருந்தால் எனக்குச் சந்தோஷம்.

அதற்காக ஆக்ஸ்ஃபோர்டு வரை போக வேண்டும் என்றும் இல்லை. நம் ஊரிலேயே 1983-க்குப் பிறகு மண்டபத்தில் வந்திறங்கிய ஈழத் தமிழர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் இருக்கிறார்கள். முகாமிலேயே பிறந்தவர்கள், நம் பள்ளிகளில் படித்தவர்கள், நம்மைப் போலவே விஜய்க்கும் அஜித்துக்கும் சண்டை போட்டு வளர்ந்தவர்கள். அவர்களும் பட்டம் வாங்குகிறார்கள். அரசு வேலைக்கான விண்ணப்பத்தில் குடியுரிமை என்ற கட்டம் வந்ததும் பேனா அங்கேயே நின்றுவிடுகிறது. 1951-ஆம் ஆண்டின் அகதிகள் ஒப்பந்தத்தில் இந்தியா கையெழுத்திடவில்லை. அகதிகளுக்கென்று தனிச் சட்டமும் நம்மிடம் இல்லை. 'கன்னத்தில் முத்தமிட்டால்' படத்தைப் பார்த்து நாம் அழுதோம். அதில் வரும் அகதிக் குழந்தை அமுதாவுக்கு ஒரு தத்துக் குடும்பம் கிடைத்தது. முகாமில் வளர்ந்த அமுதாக்களுக்கு இப்போது முப்பது, நாற்பது வயது. மாதாமாதம் பணக்கொடை வாங்க வரிசையில் நிற்கும் அவர்களை நாம் இன்னும் படகிலிருந்து இறங்கும் குழந்தைகளாகவே நினைத்துக்கொண்டிருக்கிறோம்.

சமூகப்பணி மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். நீங்களும் உங்களுக்கு முன் படித்தவர்களும் களப்பணிக்காக முகாம்களுக்குப் போய் எழுதிய அறிக்கைகள் துறை நூலகத்தில் தடிமனாக பைண்ட் செய்து அடுக்கியிருக்கும். யாரைப் பற்றி எழுதினீர்களோ அவர்கள் யாரும் அவற்றைப் பார்த்திருக்க மாட்டார்கள். அவற்றில் ஒன்றை எடுத்துக்கொண்டு அதே முகாமுக்குப் போங்கள். காட்சித் தொடர்பியல் நண்பர்களையும் கூட்டிப்போங்கள், கேமராவைப் பைக்குள்ளேயே வைத்துக்கொள்ளச் சொல்லி. அறிக்கையில் வரும் குடும்பங்களுக்கு அதைச் சத்தமாக வாசித்துக் காட்டுங்கள். பெயர் தப்பு, தேதி தப்பு, நான் அப்படிச் சொல்லவே இல்லை என்பார்கள். பென்சிலால் ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள். குறித்த பிரதியையே மறுபடி அலமாரியில் வையுங்கள், அடுத்து வருகிறவர்கள் அதிலிருந்து தொடங்கட்டும். நூலகப் புத்தகத்தில் பென்சிலால் எழுத முதல்வர் அனுமதி கொடுப்பார். அவரைக் கேட்காமல்தான் சொல்கிறேன். ஆனால் மேடையில் இத்தனை பேர் முன்னால் அவர் மறுக்க மாட்டார்.