அமுதசுரபி போன வழி

(சங்கத்தின் நூற்றாண்டு விழாவில் ஆற்றிய உரை)



வைத்தியர் என்றபடியால் நான் நீரிழிவைப் பற்றிப் பேசுவேன் என்று நினைத்திருப்பீர்கள். இப்பொழுது அதைத் தொடங்கினால் மத்தியானம் பாயசத்தை ஒருவரும் தொடமாட்டீர்கள். நான் பேச வந்தது ஒரு பாத்திரத்தைப் பற்றி.

அமுதசுரபியை எல்லோருக்கும் தெரியும். அள்ள அள்ளக் குறையாத பாத்திரம். வகுப்பில் படித்தபோது எனக்கும் அவ்வளவுதான் தெரியும். பல வருடங்களுக்குப் பிறகு மணிமேகலையைத் திரும்ப வாசித்தபோது வேறொன்று கண்ணில் பட்டது. அந்தப் பாத்திரம் ஓரிடத்தில் இருப்பதில்லை. மதுரை, மணிபல்லவம், புகார், வஞ்சி, காஞ்சி என்று அலைகிறது. போகிற இடமெல்லாம் யாரோ ஒருவருடைய பாதியில் நின்ற கதை அதில் ஒட்டிக்கொள்கிறது.

முதற் கதை ஆபுத்திரனுடையது. பெற்ற தாய் விட்டுச் சென்ற பிள்ளை. வேள்விக்குக் கட்டியிருந்த பசுவை அவிழ்த்துவிட்டதற்காக ஊரை விட்டுத் துரத்தப்பட்டு மதுரைக்கு வருகிறான். பிச்சை எடுத்துக் குருடருக்கும் செவிடருக்கும் நோயாளருக்கும் கொடுத்து, மிஞ்சியதைத் தான் தின்கிறான். ஒரு மழை இரவில் சிந்தாதேவி அவனுக்கு இந்தப் பாத்திரத்தைக் கொடுக்கிறாள். சிந்தாதேவி கலைமகள். சோற்றுப் பாத்திரத்தைக் கொடுத்தது கல்வித் தெய்வம் என்பதைப் பள்ளிக்கூடத்து விழாவிலே சொல்லாமல் போகக்கூடாது.

பிறகு நாடு செழிக்கிறது. பசி என்று வருவதற்கு ஆளில்லை. சாவகத்தில் பஞ்சம் என்று கேள்விப்பட்டுக் கப்பல் ஏறுகிறான். காற்றுக்கு ஒதுங்கிய கப்பல் மணிபல்லவத்தில் ஒரு நாள் தங்குகிறது. அவன் இறங்குகிறான். இரவிலே காற்று எழும்ப, அவன் ஏறிவிட்டான் என்று நினைத்துக்கொண்டு கப்பல் போய்விடுகிறது. ஊரையே ஊட்டக்கூடிய பாத்திரத்தை வைத்துக்கொண்டு தனியாக உண்ண அவனுக்கு மனமில்லை. வருடத்தில் ஒருநாள், வைகாசிப் பூரணையில் மேலே வா என்று சொல்லி அதைக் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு, உண்ணாமல் இருந்து உயிரை விடுகிறான்.

மணிபல்லவம் நயினாதீவுதான் என்பது தீவகத்தாராகிய எங்களுடைய நம்பிக்கை. ஆய்வாளர்கள் எல்லோரும் ஒத்துக்கொள்வதில்லை. காரைநகரில் என் அம்மம்மாவுக்கு அந்தச் சந்தேகமெல்லாம் கிடையாது. “அந்தா, அந்தப் பக்கம்தான்” என்று கையைக் காட்டித்தான் கதையைத் தொடங்குவா.

அவ சொன்ன கதையில், சாத்தனார் சொல்லாத ஒரு பெண் வருவாள். ஆபுத்திரன் தொண்டை அடைக்கும்வரை கப்பலைக் கூப்பிடுகிறான். கப்பலில் ஒருவருக்கும் கேட்கவில்லை. கரையில் மட்டி பொறுக்க வந்த பெண்ணுக்குக் கேட்கிறது. நூலிலே மணிபல்லவம் மனித வாசமில்லாத தீவு. அம்மம்மாவின் கதையிலே அங்கே ஒருத்தி இருந்தாள். “அவள் ஆர்? பிறகு என்ன செய்தவள்?” என்று கேட்டேன். “நாளைக்குச் சொல்லுறன், இப்ப படு” என்றா.

அது 1991. இடப்பெயர்வு வந்தது. பசுவை அவிழ்த்து விட்டுவிட்டுத்தான் நாங்கள் வெளிக்கிட்டோம். மானிப்பாயில் இருந்த காலத்தில் அம்மம்மா கதை சொன்னதில்லை. நானும் கேட்கவில்லை. எனக்குச் சோதனை, ரியூசன். ஊருக்குத் திரும்புவதற்கு முன்னரே அவ போய்விட்டா.

அந்தப் பெண் அம்மம்மாவின் கற்பனையா, அவவுக்கு அவவுடைய அம்மம்மா சொன்னதா என்று எனக்குத் தெரியாது. எழுத்தில் விழுந்தது தப்பிவிடுகிறது. மணிமேகலையே ஏட்டுச் சுவடியாகக் கிடந்து, உ. வே. சாமிநாதையர் கையில் அகப்பட்டு 1898இல் அச்சேறியதால்தான் நாங்கள் வகுப்பில் படித்தோம். மட்டி பொறுக்கியவளுக்கு ஏடு இல்லை.

இதைப்போல இன்னொன்றும் இலங்கையில் நடந்திருக்கிறது. 5ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சீனத் துறவி பாகியான் இங்கே இரண்டு வருடம் தங்கினார். இந்தியாவிலிருந்து வந்த ஒரு துறவி உபதேசம் செய்வதை அவர் கேட்கிறார். அதுவும் ஒரு பாத்திரத்தின் கதைதான், புத்தரின் பிச்சைப் பாத்திரம். முன்பு வைசாலியில் இருந்தது, இப்போது காந்தாரத்தில் இருக்கிறது, பல நூறு வருடம் கழித்துக் கோத்தானுக்கும் சீனத்துக்கும் போகும், இலங்கைக்கும் வரும், கடைசியில் துடித லோகத்துக்கு ஏறும் என்று சொல்கிறார். பாகியான் அதை எழுதிக்கொள்ள விரும்பியபோது, ‘இதற்கு நூல் கிடையாது, மனத்திலிருந்து சொல்கிறேன்’ என்று பதில் வந்ததாம். பாத்திரம் எங்கே எத்தனை வருடம் இருக்கும் என்ற கணக்கையும் அந்தத் துறவி சொன்னாராம். கேட்டேன், மறந்துபோனேன் என்று பாகியான் ஒளிக்காமல் எழுதிவைத்திருக்கிறார். அதற்காகவே அவரை எனக்குப் பிடிக்கும்.

ஆபுத்திரனுக்கு வருகிறேன். அவன் சாவகத்தில் புண்ணியராசன் என்ற அரசனாக மறுபிறவி எடுக்கிறான். பழையது நினைவில்லை. மணிமேகலை அவனை மணிபல்லவத்துக்கு வரவழைக்க, அங்கே மணலைத் தோண்டித் தன்னுடைய பழைய எலும்புகளைத் தானே பார்க்கிறான். பக்கத்தில் ஒன்பது வணிகருடைய எலும்புகள். அவனை விட்டுவிட்டுப் போனது தெரிந்து தேடித் திரும்பி வந்தவர்கள், அவன் இறந்ததை அறிந்து அங்கேயே உயிரை விட்டவர்கள். மருத்துவக் கல்லூரியில் எலும்பைக் கையில் எடுத்துப் பெயர் சொல்லப் படித்தேன். அது யாருடையது என்று கேட்கப் படிக்கவில்லை. தேடித் திரும்பி வந்த அந்த ஒன்பது பேரையும் பற்றி யாராவது ஒரு காவியம் எழுதியிருக்கலாம்.

காஞ்சியில் பசி தீர்த்ததுவரை பாத்திரத்தைப் பற்றிச் சாத்தனார் சொல்கிறார். மணிமேகலை நோன்பு ஏற்கிறாள், நூல் முடிகிறது. பாத்திரம் என்னவாயிற்று என்று இல்லை.

ஒன்று சொல்ல வேண்டும். சில வருடங்களுக்கு முன் கிளினிக்குக்கு ஒரு ஆச்சி வந்தா. நெஞ்சு நோ. எப்போதிருந்து என்று கேட்டேன். “நாங்கள் ஊரை விட்டு வெளிக்கிட்ட அண்டு, பிள்ளை, விடியக் காலமை...” என்று தொடங்கினா. வெளியே நாற்பது பேர் காத்திருக்கிறார்கள். “ஆச்சி, நோ எத்தனை நாளாய்?” என்று இடைமறித்தேன். ஈசிஜியில் ஒன்றுமில்லை. மருந்து எழுதினேன். எழும்பும்போது, “நான் இன்னும் சொல்லி முடிக்கேல்லைப் பிள்ளை” என்றா. “அடுத்த கிளினிக்குக்குச் சொல்லுங்கோ” என்றேன். அடுத்த கிளினிக்குக்கு ஆச்சி வரவில்லை. அந்த விடியக் காலமையில் என்ன நடந்ததென்று எனக்குத் தெரியாது.

வாசலில் பதிவு மேசைக்குப் பக்கத்தில் மூன்று சீ.ஆர். கொப்பி வாங்கி வைத்திருக்கிறேன். பேனையும் இருக்கிறது. அதிகம் வேண்டாம், உங்கள் அம்மம்மாவோ அப்பாச்சியோ பாதியில் விட்டதை, விட்ட இடம்வரை எழுதுங்கள். எழுத்துப் பிழையை இன்றைக்கு எந்த ரீச்சரும் பார்க்கமாட்டா. கனடாவிலும் இலண்டனிலும் இருந்து மலரில் இதை வாசிப்பவர்கள் சங்கத்துக்குக் கடிதமாக அனுப்பலாம்.

கரையில் மட்டி பொறுக்கிய பெண்ணின் கதையை யாராவது கேட்டிருந்தால் கொப்பிவரை போக வேண்டாம். தேநீர் வேளையில் நேரே என்னிடம் வாருங்கள். முன்வரிசையில் பச்சைச் சேலையில் இருப்பேன்.