கொட்டிலில் ஓர் இடம்
(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



சித்தூரில் நம் வீட்டுக் கொட்டிலில் முன்பு ஒரு குட்டைப் பசு நின்றது. புல்லும் கழுநீரும் போதும். வேளைக்கு உழக்குப் பால்தான் தரும்.

மூணாற்றை அடுத்த மாட்டுப்பட்டியில் 1963இல் இந்திய-சுவிஸ் திட்டம் தொடங்கிற்று. பிரவுன் சுவிஸ் காளையினத்தை நாட்டுப் பசுவோடு கலந்து 'சுனந்தினி' இனத்தை உருவாக்கினர். பால் பெருகியது, பல குடும்பங்கள் தலைநிமிர்ந்தன. நாமும் குட்டைப் பசுவை விற்றுக் கலப்பினம் வாங்கினோம். பால் மிகுந்தது, பிண்ணாக்குக் கடனும் மிகுந்தது. பாலக்காட்டு வெயிலில் அது மூச்சிரைத்து நின்றது. பழைய பசுவைத் தேடினோம், கிடைக்கவில்லை.

நாட்டுப் பொலிகாளைகளைக் காயடிக்கச் செய்தது 1961ஆம் ஆண்டுக் கேரளச் சட்டம். அருகிப்போன வெச்சூர்ப் பசுவை 1989 முதல் தேடி மீட்டவர்கள் மண்ணுத்தி கால்நடைக் கல்லூரிப் பேராசிரியை சோசம்மா ஐப் அவர்களும் மாணவர்களுமே. ஜப்பானியரும் ஐரோப்பிய இனங்களைக் கலந்தவர்களே. ஆயினும் மிஷிமா தீவின் நாட்டு மாட்டை 1928லேயே இயற்கைச் சின்னமாக அறிவித்துக் காத்தனர்.

கலப்பினத்தை நாம் பழிக்கவில்லை. நம் பிள்ளைகள் படித்தது அப்பால் விற்ற காசில்தான். அதனருகே ஒரு நாட்டுக் கன்றுக்கும் இடம் விடுங்கள் என்பதே நம் வேண்டுகோள்.