“கலரே இல்லையே, சார்!”

(ஸ்ரீபெரும்புதூரை அடுத்த பிள்ளைப்பாக்கத்தில் ஆசிரியர்களுக்கான கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



புகழ்பெற்ற நெபுலாக்களைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். அதற்கு முன், ஒரு மாணவிக்கு நான் சொன்ன தவறான பதிலைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன்.

போன தை மாதம் ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் இருபது பேரையும் சில பெற்றோரையும் பிள்ளைப்பாக்கம் ஏரிக்கரைக்கு அழைத்துப் போனேன். கையில் இரவல் வாங்கிய சிறிய தொலைநோக்கி. ஒரு பக்கம் சிப்காட் விளக்குகளின் வெளிச்சத்தில் வானமே வெளுத்திருந்தது. மறுபக்கம் ஓரளவு இருட்டு. திருவாதிரையைக் காட்டினேன். அதன் அருகே வரிசையாக நிற்கும் மூன்று விண்மீன்களைக் காட்டினேன். அவற்றுக்குச் சற்றுத் தெற்கே மங்கலாகத் தெரியும் புள்ளியில் தொலைநோக்கியைத் திருப்பினேன். அதுதான் ஓரியன் நெபுலா. சுமார் 1,350 ஒளியாண்டு தொலைவில் புதிய விண்மீன்கள் பிறந்துகொண்டிருக்கும் வாயு, தூசு மேகம்.

முதலில் பார்த்த மாணவி கண்ணை எடுத்துவிட்டு, “கலரே இல்லையே, சார்! புகை மாதிரி இருக்கு. நீங்க போர்டுல காட்டினது பொய்யா?” என்று கேட்டாள்.

அன்று காலைதான் திறன் பலகையில் ஹப்பிள் தொலைநோக்கியின் படங்களைக் காட்டியிருந்தேன். சிவப்பும் ஊதாவும் பச்சையுமாக இருந்த படங்கள். “இது சின்ன தொலைநோக்கிம்மா, பெருசுல பார்த்தா கலர் தெரியும்” என்று சொல்லிச் சமாளித்தேன். அவளும் தலையாட்டிவிட்டுப் போய்விட்டாள். வீட்டுக்குப் போன பிறகுதான், சொன்னது சரியில்லை என்று உறைத்தது.

மங்கலான ஒளியில் நம் கண்ணின் கூம்பு செல்கள் வேலை செய்வதில்லை. கோல் செல்களே வேலை செய்கின்றன. அவற்றுக்கு நிறம் பிரித்துப் பார்க்கத் தெரியாது. பெரிய தொலைநோக்கியில் பார்த்தாலும் ஓரியன் நெபுலாவில் லேசான பச்சைச் சாயல் தெரியலாம். படத்தில் உள்ள வண்ணம் தெரியாது. கேமரா மணிக்கணக்கில் ஒளியைச் சேர்த்துவைக்கும். கண்ணால் அது முடியாது. 1995-ல் ஹப்பிள் எடுத்த புகழ்பெற்ற ‘படைப்பின் தூண்கள்’ படத்தில் கந்தகத்தின் ஒளிக்குச் சிவப்பு, ஹைட்ரஜனுக்குப் பச்சை, ஆக்சிஜனுக்கு நீலம் என்று அறிவியலாளர்கள் நிறம் ஒதுக்கியிருக்கிறார்கள். எந்தத் தனிமம் எங்கே இருக்கிறது என்று காட்டும் வரைபடம் அது. நிலவரைபடத்தில் மலைக்குப் பழுப்பும் கடலுக்கு நீலமும் தீட்டுகிறோமே, அதைப் போல. அதை யாரும் பொய் என்று சொல்வதில்லை. ஆனால் நிறங்களுக்கு என்ன பொருள் என்று சொல்லிக்கொடுக்காமல் காட்டினால், குழந்தை அதைப் பொய் என்றுதான் நினைக்கும்.

மறுநாள் வகுப்பில், “நேத்து நான் சொன்னது தப்பு” என்று தொடங்கினேன். பிறகு அந்த மாணவியின் கேள்வியையே பிடித்துக்கொண்டு வரலாற்றைச் சொன்னேன். நெபுலாக்களின் வரலாறே “நாம் பார்ப்பது என்ன?” என்ற கேள்வியின் வரலாறுதான்.

1610-ல் கலிலியோ ஓரியனின் விண்மீன்களை வரைந்து வெளியிட்டார். நெபுலாவை அவர் குறிப்பிடவே இல்லை. அதே ஆண்டு பிரான்சில் பெரெஸ்க் என்பவர் தொலைநோக்கியில் அதைக் கண்டார். 1656-ல் ஹைகன்ஸ் அதைப் பார்த்து வரைந்தார். 1659-ல் அந்தப் படம் அச்சானது. நடுவே மூன்று விண்மீன்களைக் குறித்திருந்தார். எங்கள் பிள்ளைகள் ஏரிக்கரையில் நான்கு எண்ணினார்கள்! இதைச் சொன்னபோது வகுப்பில் எழுந்த ஆரவாரத்தை நான் மறக்கமாட்டேன்.

1758-ல் வால்மீன் தேடிக்கொண்டிருந்த சார்ல்ஸ் மெஸ்ஸியே, ரிஷப ராசியில் ஒரு மங்கலான திட்டைக் கண்டார். அது நகரவில்லை. வால்மீன் என்று மற்றவர்கள் ஏமாறக்கூடாது என்று இப்படிப்பட்டவற்றுக்குப் பட்டியல் போடத் தொடங்கினார். அதில் முதல் எண் பெற்ற இந்தத் திட்டுதான் நண்டு நெபுலா. 1731-லேயே ஜான் பெவிஸ் அதைக் கண்டிருந்தார். 1054-ல் சீனர்கள் பதிவுசெய்த ‘விருந்தாளி விண்மீன்’ வெடித்துச் சிதறியதன் எச்சம் அது என்பது இருபதாம் நூற்றாண்டில்தான் உறுதியானது.

நெபுலாக்கள் எல்லாமே தொலைவில் உள்ள விண்மீன் கூட்டங்கள்தாம் என்று பலர் நம்பினார்கள். 1864-ல் வில்லியம் ஹக்கின்ஸ், பூனைக்கண் நெபுலாவின் ஒளியை நிறமாலைமானியில் பிரித்துப் பார்த்தார். வானவில் போலத் தொடர்ந்த நிறங்கள் இல்லை. சில பிரகாசமான கோடுகள் மட்டும் இருந்தன. அப்படியானால் அது ஒளிரும் வாயு. அந்தக் கோடுகளில் ஒரு பச்சைக் கோடு, தெரிந்த எந்தத் தனிமத்தோடும் பொருந்தவில்லை. ‘நெபுலியம்’ என்ற புதுத் தனிமம் என்றார்கள்.

நான்கு ஆண்டுகள் கழித்து, 1868 ஆகஸ்ட் 18 அன்று, முழுச் சூரிய கிரகணம் நம் பக்கம் தெரிந்தது. ஜான்சென் குண்டூரிலிருந்தும், நுங்கம்பாக்கத்தில் இருந்த சென்னை வானாய்வகத்தின் போக்சன் மசூலிப்பட்டினத்திலிருந்தும் நோக்கினார்கள். சூரிய ஒளியில் அப்போது கவனத்துக்கு வந்த ஒரு மஞ்சள் கோடும் எதனோடும் பொருந்தவில்லை. அதற்கு ஹீலியம் என்று பெயர் வந்தது. 1895-ல் ஹீலியம் பூமியிலேயே கிடைத்தது. நெபுலியமோ கிடைக்கவே இல்லை. மிக அடர்த்தி குறைந்த இடத்தில் எலக்ட்ரான்களை இழந்த ஆக்சிஜன் தரும் ஒளி அது என்று 1927-ல் போவன் விளக்கினார். ஒரே மாதிரியான இரண்டு ஊகங்கள். ஒன்று சரி, ஒன்று தவறு. அறிவியல் எப்படி நடக்கிறது என்று பிள்ளைகளுக்குச் சொல்ல இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

நம் ஊர்க் கதை இதோடு முடியவில்லை. திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியிலும் மாநிலக் கல்லூரியிலும் படித்த சந்திரசேகர், 1930-ல் 19 வயதில் இங்கிலாந்துக்குக் கப்பலில் போகும்போதே வெண்குள்ளன் விண்மீனின் நிறைக்கு ஓர் எல்லை உண்டு என்று கணக்கிட்டார். விண்மீன்கள் எப்படி முடிகின்றன என்பதைப் புரிந்துகொள்ள அந்தக் கணக்கு அடிப்படை. அவர் பெயரைத் தாங்கிய சந்திரா எக்ஸ்-கதிர் விண்தொலைநோக்கி 1999-ல் நண்டு நெபுலாவின் மையத்தைப் படம்பிடித்தது. அங்கே ஒரு நியூட்ரான் விண்மீன் விநாடிக்குச் சுமார் 30 முறை சுழல்கிறது.

ஜவ்வாது மலையில் வைணு பாப்பு வானாய்வகம் இருக்கும் காவலூரின் அட்சரேகை ஏறக்குறைய 12.5 டிகிரி. பிள்ளைப்பாக்கம் ஏறக்குறைய 13. அங்கே 1986 முதல் இயங்கும் 2.34 மீட்டர் தொலைநோக்கிக்கு மேலே உள்ள வானம்தான் நம் பள்ளிக்கு மேலேயும் இருக்கிறது. பாரிஸிலிருந்து ஒருபோதும் தெரியாத கரைனா நெபுலாவைக் காண லக்காய் 1750-ல் ஆப்பிரிக்காவின் நன்னம்பிக்கை முனைக்குக் கப்பலேற வேண்டியிருந்தது. நமக்கு ஏப்ரல் மாதம் இரவு ஒன்பது மணி வாக்கில் தெற்கே, அடிவானத்துக்குச் சற்று மேலே அது நிற்கும். நடுவில் இருப்பது வெளிச்சம் மட்டும்தான்.

நம் பிள்ளைகளின் பெற்றோர் பலர் அந்த விளக்குகளுக்குக் கீழேதான் வேலை செய்கிறார்கள். ஆகவே விளக்கைக் குறை சொல்லிவிட்டு உட்கார்ந்திருக்க நான் வரவில்லை. இருப்பதை வைத்துச் செய்யக்கூடிய சிலவற்றைச் சொல்கிறேன்.

ஜனவரி, பிப்ரவரி மாதங்களில் நிலவில்லாத ஒரு மாலையைத் தேர்ந்தெடுங்கள். பெற்றோரையும் உடன் அழையுங்கள். இருட்டில் 20 நிமிடமாவது காத்திருங்கள். அதுவரை யாரும் செல்போனைத் திறக்கக் கூடாது. தொலைநோக்கி இல்லையென்றால் சாதாரண பைனாகுலர் போதும். நெபுலாவை நேராக உற்றுப் பார்க்காமல் சற்றுப் பக்கவாட்டில் பார்க்கச் சொல்லுங்கள். கோல் செல்கள் அங்கேதான் அதிகம் என்பதால் இன்னும் தெளிவாகத் தெரியும். பிறகு, கண்ணுக்குத் தெரிந்ததை மட்டும் பென்சிலால் வரையச் சொல்லுங்கள். வண்ணப்படத்தை அதற்குப் பிறகு காட்டுங்கள். நான் செய்த தவறு, வரிசையை மாற்றியதுதான்.

கார்த்திகையையும் விட்டுவிடாதீர்கள். அந்த விண்மீன்களைச் சுற்றியும் மெல்லிய தூசு மேகம் இருக்கிறது. 1859-ல் டெம்பெல் அதைக் கண்டார். அது தானாக ஒளிர்வதில்லை, விண்மீன் ஒளியைப் பிரதிபலிக்கிறது என்று 1912-ல் ஸ்லைஃபர் காட்டினார். தீபத் திருநாளன்று பிள்ளைகள் எப்படியும் வாசலில்தான் இருப்பார்கள். கார்த்திகை எது என்று காட்ட அதைவிட நல்ல நாள் ஏது?

அந்த மாணவி வரைந்த படம் என் மேசையில் இருக்கிறது. ஒரு சாம்பல் திட்டு, நடுவில் நான்கு புள்ளிகள். கீழே தேதி, நேரம், இடம். “கலர் இல்லை” என்றும் எழுதியிருக்கிறாள். அவள் பார்த்ததை அவள் சரியாகப் பதிவு செய்திருக்கிறாள்.